தட்டிய விரலும் கேட்ட செவியும்

இருண்ட அறை. கட்டிலில் தாய் நடுங்கியபடி அமர்ந்திருக்கிறாள். தட், தட், தட் — சுவர்ப்புறமிருந்து ஓர் ஒலி! கதவருகே ஆளில்லை; காற்றில்லை; மரக்கிளை உரசவுமில்லை. எனினும் ஒலி கேட்கிறது. கேட்பது மட்டுமா? கேட்ட கேள்விக்கு விடையும் தருகிறது!

அமெரிக்க நாட்டு நியூயார்க் மாநிலத்திலே ஹைட்ஸ்வில் என்றொரு சிற்றூர். அங்கே ஃபாக்ஸ் என்னும் கொல்லர் குடியிருந்த வீட்டில், 1848-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 31-ஆம் நாள் இரவு நடந்த நிகழ்ச்சி இது. பெற்றோர் அஞ்சினர். பள்ளிப் பருவத்துப் பெண்மக்களான மார்கரெட்டும் காதரினும் அஞ்சவில்லை. இளையவள் விரலைச் சொடுக்கினாள். அத்தனை முறையே ஒலியும் எழுந்தது. அதன் பின்னரே தாய் வாய் திறந்தாள். தன் மக்களின் வயதைச் சொல்லுமாறு இருளை நோக்கிக் கேட்டாள். பிள்ளை பிள்ளையாக, வயது வயதாக, ஒலி எண்ணிக் காட்டிற்று. உயிரோடிருந்த பிள்ளைகளின் கணக்கு முடிந்தது. சற்றே அமைதி. பிறகு, அழுத்தந்திருத்தமாக மூன்று தட்டல்கள்! மூன்று வயதில் மாண்டுபோன கடைக்குழந்தையின் கணக்கு அது.

தாயின் நெஞ்சம் தோற்ற இடம் அதுதான்! தம்பி தங்கையரின் வயது அக்காள்மார் அறியாததா என்று அவள் எண்ணவில்லை. எண்ண இயலுமா? மண்ணுக்குள் வைத்த மழலை, சுவருக்குள் நின்று தன்னை அழைப்பதாக அன்றோ அவள் உணர்ந்தாள்!

அண்டை வீட்டார் வந்தனர். அவர்கள் கேட்ட கேள்விகளுக்கும் தட்டலே விடை தந்தது. தட்டுவது அவ்வீட்டில் கொலையுண்டு நிலவறையில் புதைக்கப்பட்ட வணிகன் ஒருவனின் ஆவி என்று கதை கட்டப்பட்டது. ராச்செஸ்டர் நகரில் வாழ்ந்த மூத்த சகோதரி லியா, இந்தத் தட்டலுக்குள் ஒரு தொழில் ஒளிந்திருப்பதைக் கண்டுகொண்டாள். 1849-ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 14-ஆம் நாள், அந்நகரின் கொரிந்தியன் மண்டபத்தில், கட்டணம் கொடுத்து உள்ளே வந்த பெருங்கூட்டத்தின் முன்னிலையில் ஆவி தட்டிற்று. வீட்டுக்குள் பிறந்த விளையாட்டு மேடை ஏறிவிட்டது. அடுத்த சில ஆண்டுகளில் ஊர்தோறும் ஊடகப் பெண்டிர் தோன்றினர். இறந்தவருக்கும் இருப்பவருக்கும் இடையே நிற்பவர் என்பதால் அவர்களுக்கு அப்பெயர். கடல் கடந்தும் சென்றது தட்டல். மேசைகள் ஆடின, நாற்காலிகள் நகர்ந்தன, ஐரோப்பாவின் மாளிகைகளில் சீமாட்டிகளும் சீமான்களும் வட்டமாக அமர்ந்து கைகோத்தனர்.

இதனை இருட்டு நாட்டிலே, இருண்ட காலத்திலே நடந்த கூத்து என்று எண்ணிவிட வேண்டா. வாஷிங்டனிலிருந்து பால்ட்டிமோருக்கு மோர்ஸ் தம் தந்தியை அனுப்பியது 1844-இல். நான்கே ஆண்டு கழித்து ஆவி பேசத் தொடங்கியது; எந்த மொழியிலே? தட்டல் மொழியிலே! தந்திக் கம்பி புள்ளியும் கோடுமாகப் பேசிற்றென்றால், ஆவியும் அதே முறையைக் கைக்கொண்டது. ஆவியுலகத்தார் 1852-இல் நியூயார்க்கில் தொடங்கிய ஏட்டுக்கு அவர்கள் இட்ட பெயரே ஆவித்தந்தி என்பதுதான்! முகங்காணாத் தொலைவிலிருந்து மனிதன் பேசலாமென்றால், மறைந்துபோன மகன் பேசலாகாதா என்று கேட்டது அந்தக் காலம். மாயம் பழமையின் எச்சம் என்போம் நாம். முழு உண்மையன்று அது. புதுமை எங்கெங்கு ஒளி வீசுகிறதோ, அங்கங்கு அதன் பின்னே விழும் நிழலும் மாயமே. தந்தி வந்தது, தட்டும் ஆவி வந்தது. புகைப்படம் வந்தது, ஆவியின் புகைப்படம் வந்தது. வானொலி வந்தது, வானுலகின் குரல் வந்தது!

வேறொன்றையும் இங்கே மறைக்காமல் சொல்லவேண்டும். ஃபாக்ஸ் சகோதரிகளை முதன்முதல் வரவேற்று வீட்டில் இடந்தந்தோர் யார்? கசடர்களா, கயவர்களா? அல்லர்! ராச்செஸ்டரின் ஐசக் போஸ்ட், ஏமி போஸ்ட் என்னும் இணையர். கறுப்பின மக்களின் அடிமை விலங்கொடிக்கப் பாடுபட்டோர். பெண்ணுரிமைக்குக் குரல் கொடுத்தோர். பெண்ணுரிமை மாநாடு செனகா ஃபால்சில் கூடியதும் அதே 1848-இல்தான், அதே வட்டாரத்தில்தான். சீர்திருத்தச் செம்மல்கள் சிலர் சுவர்த் தட்டலுக்குச் செவி சாய்த்தது ஏன்?

அந்நாளைய திருச்சபைகள் பலவற்றின் போதனையை எண்ணிப் பார்த்தால் விடை கிடைக்கும். மீட்சி பெறாதவர்க்கு எரிநரகம் என்றனர் பாதிரிமார். மார்பில் உறங்கிய மகவு மறுநாள் மாண்டால், அதன் கதி என்ன என்று கதறிய தாய்க்கு, அச்சத்தையே ஆறுதலாக அளித்தனர். ஆவியுலகமோ, நரகமே இல்லை என்றது. குழந்தை நலமாக இருக்கிறது, வளர்கிறது, உன்னைக் காண்கிறது என்றது. பெண் பொது மேடையில் வாய் திறத்தல் பிழை என்றிருந்த காலத்தில், ஆவியின் பெயரால் அவளைப் பேசவிட்டது. கொடிய மதத்துக்கு அஞ்சி ஓடியவர்கள், கனிந்த முகங்காட்டிய மாயத்தின் வாயிலில் போய் விழுந்தனர். நெருப்புக்குத் தப்பியவன் நீர்நிலை என்று கானலை நோக்கி ஓடிய கதை!

அறிவுலகம் அன்று உறங்கிக் கிடந்ததா? இல்லை. 1851-இலேயே பஃபலோ நகர மருத்துவர் மூவர் சகோதரிகளைச் சோதித்தனர். கால்களை நீட்டிக் குதிகால்களை மெத்தையின்மேல் வைக்கச் செய்தனர், ஆவி ஊமையாகிவிட்டது! மூட்டிலிருந்து எழும் ஒலியே அது என்று அவர்கள் அறிவித்தனர். 1853-இல் இங்கிலாந்தில் மைக்கேல் ஃபாரடே, மின்னியலின் தந்தையருள் ஒருவர், ஆடும் மேசையை ஆராய அமர்ந்தார். அவர் செய்த ஆய்வு இன்றும் பள்ளிப் பிள்ளைகளுக்குக் கற்பிக்கத் தக்கது.

மேசையின்மீது அட்டைத் தாள்கள் சிலவற்றை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினார். இடையிடையே இளகிய பசை உருண்டைகளை வைத்தார். ஆகவே, தாள்கள் சற்றே வழுக்கி நகர முடியும். அடுக்கின்மேல் அன்பர்கள் கை வைத்தனர். மேசை நகர்ந்தது. மேசை கையை இழுத்ததா, கை மேசையைத் தள்ளிற்றா? மேசைதான் முதலில் நகர்ந்ததென்றால் அடித்தாள் முன்னே சென்றிருக்கும், மேல்தாள் பின்தங்கியிருக்கும். அடுக்கைப் பார்த்தார். மேல்தாளே முன்னே சென்றிருந்தது! கைதான் தள்ளியிருக்கிறது. அடுத்து, கையின் சிறு அசைவையும் காட்டிக்கொடுக்கும் ஒரு நெம்புமுள்ளை அமைத்து, அதனை அன்பர்களின் கண்ணெதிரே வைத்தார். முள்ளைப் பார்த்திருந்தவரை மேசை அசையவே இல்லை. முள்ளை மறைத்தார், மேசை மீண்டும் ஆடிற்று!

அமர்ந்திருந்தோர் பொய்யரா? அல்லர், நாணயமானவர்கள். அவர்கள் கை தள்ளியது, அவர்கள் அறியாமலே! எதிர்பார்ப்பு, எண்ணமாகி, எண்ணம் தசையை அசைத்துவிடுகிறது. மனிதன் தன் ஆசையைத் தானே தள்ளிவிட்டு, தெய்வம் தள்ளிற்று என்று வியக்கிறான். இதைவிடச் சிறந்த விளக்கம் மாயத்துக்கு உண்டோ? தம் ஆய்வைப் பொதுமக்கள் படிக்கும் செய்தித்தாளிலேயே வெளியிட்ட ஃபாரடே, மக்கள் மனத்தை இந்நிலையில் விட்டுவைத்த கல்விமுறையே குறையுடையது என்றும் வருந்தினார். ஆய்வு வெளிவந்தது. மேசைகள் நின்றனவா? நிற்கவில்லை.

நிற்கவிடாமல் செய்தது போர். 1861 முதல் 1865 வரை நடந்த அமெரிக்க உள்நாட்டுப் போர் ஆறு இலட்சத்துக்கும் மேற்பட்ட உயிர்களை விழுங்கிற்று. உடலும் திரும்பாத வீடுகள் எத்தனை! குடியரசுத் தலைவரின் மாளிகையும் துயருக்கு விலக்கன்று. 1862-இல் லிங்கனின் 11 வயது மகன் வில்லி காய்ச்சலில் மாண்டான். அன்னை மேரி ஆவி அழைப்போரை நாடினார். கணவர் சுடப்பட்டு இறந்த பின்னர், மம்லர் என்னும் புகைப்படக்காரரிடம் சென்று படமெடுத்துக்கொண்டார். படத்தில் அவருக்குப் பின்னே லிங்கன் நின்றார், தோளில் கை வைத்தபடி! அந்த மம்லர் 1869-இலேயே மோசடிக் குற்றத்துக்காக நியூயார்க் வழக்குமன்றத்தில் நின்றவர்; மெய்ப்பிக்கச் சான்று போதாமையால் விடுபட்டவர். பழைய தகட்டின்மேல் புதிய படம் எடுத்தால் இரண்டு உருவமும் தெரியும் என்பதைப் படக்கலை அறிந்தோர் அன்றே எடுத்துக் கூறினர். ஆயினும், அந்தக் கைம்பெண்ணுக்கு வேண்டியது படக்கலை விளக்கமன்று; தோள்மீது ஒரு கை!

இனி, வரலாற்றின் வியத்தகு காட்சிக்கு வருவோம். 1888-ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 21-ஆம் நாள். நியூயார்க்கின் இசை மண்டபம் நிரம்பி வழிகிறது. மேடைமேல் மார்கரெட் ஃபாக்ஸ், நாற்பதாண்டுக்கு முன் சுவரைப் பேசவைத்த அதே மார்கரெட்! முதுமையும் வறுமையும் மதுவும் அரித்துவிட்ட உடல். காலணியைக் கழற்றினார், பாதத்தை ஒரு சிறு மரப்பலகைமேல் வைத்தார். தட், தட், தட்! மண்டபமெங்கும் ஒலித்தது. கூட்டத்திலிருந்த மருத்துவர்கள் மேடையேறிச் சோதித்தனர். கால்விரல் மூட்டின் வேலையே என்று உறுதி கூறினர். தாயை அச்சுறுத்த ஆப்பிள் பழத்தைக் கயிற்றில் கட்டித் தரையில் துள்ளவிட்டதும், பின்னர்க் கால்விரலைச் சொடுக்கப் பழகியதும், எல்லாவற்றையும் அவரே வெளியிட்டார். இளையவர் காதரினும் அங்கே அமர்ந்திருந்தார், மறுக்கவில்லை.

மூலவரே முகமூடியைக் கழற்றிவிட்டார். இனி மூடத்தனம் முடிந்தது என்றுதானே எண்ணுவோம்? முடியவில்லை! குடிப்பழக்கம் பேசவைத்தது என்றனர் அன்பர்கள். பணம் பேசவைத்தது என்றனர். பகைமை பேசவைத்தது என்றனர். உண்மை பேசவைத்தது என்று மட்டும் ஒப்புக்கொள்ளவில்லை. வாழ வழியற்ற மார்கரெட் மறு ஆண்டே தம் வாக்குமூலத்தைத் திரும்பப் பெற்றார். 1892-இல் இளையவரும் 1893-இல் அவரும் ஏழ்மையில் மாண்டனர். அவர்கள் தொடங்கிய இயக்கமோ செழித்தது. ஏமாற்றியவர் இருவர் ஒப்புக்கொண்டனர்; ஏமாந்தவர்கள் ஒப்புக்கொள்ளவில்லை!

1889-இல், மார்கரெட் மேடையேறிய மறு ஆண்டில், இலண்டனில் மற்றொரு திருப்பம். நாத்திகப் பெருவீரர் சார்லஸ் பிராட்லாவின் வலக்கையாய் நின்று, பகுத்தறிவு மேடைகளை அதிரவைத்த அன்னி பெசன்ட், பிளாவட்ஸ்கி அம்மையாரின் நூலைப் படித்து, பிரம்மஞான சபையில் சேர்ந்தார். அச்சபையின் கதை நம் சென்னை அடையாற்றோடு பிணைந்தது. ஆல்காட்டும் பிளாவட்ஸ்கியும் முதலில் சந்தித்ததே 1874-இல், ஆவிகள் தோன்றுவதாகப் பேர்பெற்ற ஒரு வெர்மான்ட் பண்ணைவீட்டில்! 1875-இல் நியூயார்க்கில் சபை கண்டனர். 1882-இல் அடையாற்றங்கரையில் தலைமையிடம் அமைத்தனர். அங்கே ஒரு மறையறை. அறையுள் சுவரையொட்டி ஒரு பேழை. இமயத்து மகாத்மாக்களின் மடல்கள் அந்தப் பேழைக்குள் திடுமெனத் தோன்றும்!

1884-இல் வீட்டுப் பொறுப்பிலிருந்த கூலோம் என்னும் அம்மையார், சபையிலிருந்து விலக்கப்பட்டபின், பிளாவட்ஸ்கி எழுதியவை என்று சில கடிதங்களை வெளியிட்டார். சென்னைக் கிறித்தவக் கல்லூரி இதழ் அவற்றை அச்சிட்டது. மடல்கள் வந்த வழி மாயவழியன்று, சுவர்வழி என்பது குற்றச்சாட்டு. கூலோமின் கணவரே பின்னர்ப் பழிசூட்ட அமைத்த பலகைகள் அவை என்றனர் சபையினர். இலண்டன் உளவியல் ஆராய்ச்சிக் கழகம் ரிச்சர்டு ஹாட்ஜ்சன் என்பவரை அனுப்பிற்று. அவர் சென்னையில் தங்கி ஆராய்ந்தார். எல்லாம் புனைவே என 1885-இல் அறிக்கை தந்தார். அவ்வறிக்கையின் கையெழுத்து ஆராய்ச்சி முறையற்றது என்று 1986-இல் அதே கழகத்தின் ஏட்டிலேயே ஒருவர் எழுதியதையும் நடுநிலை கருதிச் சொல்லிவிடுவோம். எனினும், மகாத்மாவின் மடல் வானவழி வந்தது என்பதற்குச் சான்று அன்றும் இல்லை, இன்றும் இல்லை. சபை குலைந்ததா? இல்லை, ஓங்கிற்று. 1907-இல் பெசன்ட் அம்மையாரே அதன் தலைவரானார்.

படித்தவர் ஏமாறமாட்டார் என்பது நம்மவர் பலரின் நினைப்பு. பட்டியலைப் பாருங்கள்! தாலியம் என்னும் தனிமத்தைக் கண்ட வில்லியம் குரூக்ஸ். டார்வினோடு உடன்நின்று பரிணாமக் கொள்கையைக் கூறிய வாலஸ். வானொலி அலைகளை ஆராய்ந்த ஆலிவர் லாட்ஜ். மூவரும் ஆவியுலகை நம்பியோர். அறிவியலாளர் ஏமாறுவது ஏன்? இயற்கை புதிர் போடும், பொய் சொல்லாது. பொய் சொல்லாத ஒன்றை ஆராய்ந்தே பழகியவர், பொய்யே தொழிலானவர் முன்னே கைக்குழந்தையாகிவிடுகிறார். எத்தனைப் பிடிக்க அவன் வித்தையறிந்தவன் வேண்டும்!

அப்படி ஒருவர் வந்தார். ஹூடினி! விலங்குகளை உதறி வெளிவரும் வித்தையால் உலகை மயக்கியவர். பூதாபெஸ்ட் நகரில் 1874-இல் பிறந்த யூதச் சிறுவன், அமெரிக்காவில் மேடைமன்னனானார். அவருக்கு ஒரு நண்பர், ஷெர்லாக் ஹோம்ஸ் என்னும் துப்பறியும் மேதையைப் படைத்த ஆர்தர் கானன் டாயில். முதல் உலகப் போர் இளைஞர்களை இலட்சக்கணக்கில் வாரிக்கொண்டு போன காலம். 1915-இல் லாட்ஜின் மகன் ரேமண்ட் களத்தில் மாண்டான். தந்தை, மகன் மறுமையிலிருந்து பேசுவதாக ஒரு நூலே எழுதினார். முன்பே ஆவியுலகை நம்பத் தலைப்பட்டிருந்த டாயில், 1918-இல் மகன் கிங்ஸ்லியையும் அடுத்த ஆண்டு உடன்பிறந்தானையும் இழந்தார். அதன்பின் அவருக்கு ஐயமே இல்லை. சாம்பலைக் கண்டே சுருட்டின் வகை சொல்லும் ஹோம்ஸைப் படைத்தவர், இரு சிறுமியர் அட்டையில் வெட்டி ஊசியில் குத்தி நிறுத்திய தேவதைப் படங்களை மெய்யென்று 1920-இல் உலகுக்கு அறிவித்தார்! காட்டிங்லி ஊரின் அந்தப் பெண்கள் மூதாட்டிகளாகி, 1983-இல்தான் தம் விளையாட்டை ஒப்புக்கொண்டனர்.

1922-ஆம் ஆண்டு ஜூன் திங்கள், அட்லாண்டிக் நகரின் விடுதி ஒன்றில், டாயிலின் மனைவியார் ஹூடினியின் அன்னையின் ஆவியை அழைத்தார். ஹூடினி தம் தாயைத் தெய்வமாகப் போற்றியவர். 1913-இல் அவர் மறைந்ததிலிருந்து ஆறாத் துயரில் இருந்தவர். மூடிய விழியோடு அம்மையாரின் கை எழுதிற்று, பக்கம் பக்கமாக! முதல் பக்கத்தின் உச்சியில் சிலுவைக் குறி. எழுத்து நல்ல ஆங்கிலம். ஹூடினி படித்தார். அவருடைய தாயோ யூத குருவின் மனைவி, சிலுவையிடாதவர், ஆங்கிலம் பேச அறியாதவர்! அந்நாள் தாயின் பிறந்த நாளை ஒட்டியது. ஆவிக்கு அந்த நினைவும் இல்லை. நண்பரின் மனைவி வேண்டுமென்றே ஏய்த்தார் என்று ஹூடினி சொல்லவில்லை. ஃபாரடேயின் மேசையைத் தள்ளிய கை போன்றதே இந்தக் கையும். ஆனால் நட்பு முறிந்தது. தாயைக் காண ஏங்கிய மகன், தாயின் பெயரால் பொய் கேட்க மறுத்துவிட்டான்!

அதன்பின் ஹூடினி ஆவி வணிகர்களை வேட்டையாடினார். மாறுவேடம் பூண்டு இருட்டறைகளுக்குள் புகுந்தார். சயன்டிஃபிக் அமெரிக்கன் ஏடு, மெய்யான ஆவித் தோற்றத்துக்கு 2,500 டாலர் பரிசு அறிவித்திருந்தது. பாஸ்டன் நகரச் சீமாட்டி மார்ஜரி அதனைப் பெறவிருந்த வேளையில், 1924-இல், நடுவர்களுள் ஒருவராக இருந்த ஹூடினி அவருடைய தந்திரங்களை வெளிப்படுத்தினார், பரிசு வழங்கப்படவில்லை. 1926-இல் அமெரிக்கப் பாராளுமன்றக் குழுவின் முன் நின்று, தலைநகரில் காசுக்குக் குறிசொல்வதைத் தடுக்க வேண்டுமென வாதாடினார், சட்டம் நிறைவேறவில்லை. அவ்வாண்டு அக்டோபர் 31-இல் அவர் மறைந்தார். மறைந்தபின் பேச முடியுமானால் பேசுவதாக மனைவிக்கு அவர் வாக்களித்திருந்தார். மனைவி பெஸ் பத்தாண்டு காத்திருந்தார். 1936-இல் ஹாலிவுட் விடுதி ஒன்றின் மேல்தளத்தில் இறுதியாக அழைத்தார். விடையில்லை. கணவரின் படத்தருகே எரிந்த விளக்கை அணைத்துவிட்டார்.

அந்த விளக்கை அணைத்த கை, மனித வரலாற்றின் துணிவுமிக்க கைகளுள் ஒன்று! அன்பு குறைந்ததால் அணைக்கவில்லை. அன்புக்குப் பொய்த்துணை தேவையில்லை என்பதால் அணைத்தார்.

சட்டம் என்ன செய்தது என்போர்க்கு இங்கிலாந்தின் வரலாறு விடை கூறும். சூனியக்காரி என்று பெண்களைக் கொன்ற பழைய சட்டத்தை மாற்றி, சூனியமே இல்லை, சூனியம் வல்லேன் என்று நடிப்பதே குற்றம் என 1735-இல் சட்டம் செய்தனர். நல்ல திருத்தம்! அந்தச் சட்டத்தின்கீழ் 1944-இல் ஹெலன் டங்கன் என்னும் ஊடகப் பெண் ஒன்பது திங்கள் சிறையிலிடப்பட்டார். போரில் மாண்ட மாலுமிகளை அழைத்துக் காட்டுவதாகக் கூறியவர் அவர். 1951-இல் அச்சட்டம் நீக்கப்பட்டு, மோசடி ஊடகரைத் தண்டிக்கும் புதுச் சட்டம் வந்தது. மூன்றே ஆண்டில், 1954-இல், ஜெரால்டு கார்ட்னர் என்பார் சூனியத்தைப் பழம்பெரும் சமயமென்று போற்றி நூல் வெளியிட்டார். புதுச் சூனிய நெறி ஒன்று ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பரவிற்று. சட்டம் எத்தனைச் சிறையிலிடலாம். ஏக்கத்தைச் சிறையிலிட இயலுமா?

ஏக்கம் எங்கே உண்டோ, அங்கே கடை விரியும். ஆவியோடு பேசும் எழுத்துப் பலகைக்கு 1891-இல் அமெரிக்காவில் காப்புரிமை பெற்றனர். பொம்மைக் கடையில் அது விற்பனைக்கு வந்தது. 1930-இல் இலண்டன் ஞாயிறு ஏடொன்று பிறந்த இளவரசிக்குச் சாதகம் கணித்து அச்சிட்டது. செய்தித்தாள்தோறும் இராசிபலன் இடம்பிடித்தது. 1980-களில் அமெரிக்கக் குடியரசுத் தலைவர் ரீகனின் பயண நேரங்களை, அவர் மனைவியார் சோதிடரைக் கேட்டு வகுத்தார் என்பது 1988-இல் வெளிவந்தது. அணுகுண்டுப் பொத்தான் இருந்த மாளிகையில் ஆரூடம்! இன்றோ கைப்பேசியில் குறி சொல்கிறார்கள். மறைந்தவரின் குரலையும் பேச்சையும் கணிப்பொறி கொண்டு போலச்செய்து விற்கிறார்கள். கருவி புதிது, சரக்குப் பழையது. அன்று கால்விரல் தட்டிற்று. இன்று கணிப்பொறி தட்டுகிறது!

செல்வர் வீட்டு மேசையில் இது பொழுதுபோக்கு. ஏழையின் குடிசையில்? அங்கே கொலை! பில்லி வைத்தாள் என்று கிழவியை அடித்துக்கொல்லும் கொடுமை நம் நாட்டில் ஒழியவில்லை. அதற்கென்றே பீகாரில் 1999-இலும், சார்க்கண்டில் 2001-இலும் தடைச்சட்டங்கள் தேவைப்பட்டன. மகாராட்டிரத்தில் அத்தகைய சட்டத்துக்காகப் பல்லாண்டு பாடுபட்ட மருத்துவர் நரேந்திர தபோல்கர் 2013-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 20-ஆம் நாள் பூனா நகரில் சுட்டுக்கொல்லப்பட்டார். அவர் கேட்ட சட்டம் அவர் குருதி உலர்வதற்குள் பிறந்தது, கேட்டவர் இல்லை! மாயம் மகிழ்வூட்டும் கதை மட்டுமே என்போர் இந்த இரத்தக் கறையைக் கண்டபின் பேசட்டும்.

என் செய்வது? எள்ளி நகையாடலாம், எத்தரை எள்ளுவதில் தவறில்லை. ஆனால் அழுதுகொண்டிருக்கும் தாயை எள்ளினால், அவள் எத்தனின் வாயிலுக்கே திரும்பிச் செல்வாள். ஏனெனில், அவன் பொய்யனாயினும், அவள் பேசுவதைக் கேட்பவன்! பகுத்தறிவாளன் தர்க்கத்தை மட்டும் கையிலேந்திச் செல்கிறான். எத்தனோ கண்ணீர் துடைக்கக் கைக்குட்டை கொண்டு செல்கிறான். எவன் வெல்வான்?

இலங்கையில் வாழ்ந்த அறிஞர் ஆபிரகாம் கோவூர் இதனை உணர்ந்தவர். ஏமாற்றில்லாமல் அற்புதம் செய்து காட்டுவோர்க்கு ஓர் இலட்சம் ரூபாய் என்று 1963-இல் அறைகூவினார். 1978-இல் அவர் மறையும்வரை எவரும் அதனை வென்றாரில்லை. அறைகூவலோடு அவர் நிற்கவில்லை. பேய் பிடித்ததென்று ஒதுக்கப்பட்ட பெண்களின் வீட்டுக்கும், கல் விழுகிறதென்று நடுங்கிய குடும்பத்துக்கும் நேரில் சென்றார், அமர்ந்து கேட்டார், உள்ளத்து நோயை உளநூல் முறையில் ஆராய்ந்து ஆற்றினார். பேயை ஓட்டும்முன் பேதையின் துயரைக் கேட்டார். அதுவே வழி!

குழந்தையை இழந்தவளிடம், கணவனைப் போருக்குக் கொடுத்தவளிடம், காரணமறியா நோயால் வாடுவோனிடம், இறந்தவர் வரமாட்டார் என்ற உண்மையை நாம் சொல்லத்தான் வேண்டும், மழுப்பலாகாது. சொல்லிவிட்டு எழுந்து போய்விடவும் ஆகாது. மருத்துவமனை அருகிலிருந்தால் மந்திரவாதி தொலைவிலிருப்பான். பள்ளியிலே ஃபாரடேயின் அட்டைத்தாள் ஆய்வைப் பிள்ளைகள் தம் கையாலேயே செய்து பார்த்தால், ஆடும் மேசைமுன் அமர்ந்து அவர்கள் அஞ்சமாட்டார்கள். துயருற்றோர்க்கு உற்றார் துணை நின்றால், சுவரிலிருந்து வரும் துணை தேவைப்படாது.

தட்டிய விரலைக் கண்டுபிடித்தாயிற்று, நூற்றாண்டுக்கு மேலாயிற்று. அதனால் மட்டும் தட்டல் ஓயவில்லை. இருளில் தனியே அமர்ந்து, ஏதேனும் ஒரு குரல் வராதா என்று ஏங்கும் செவி ஒன்று இருக்கும்வரை, தட்டுவதற்கு விரல்கள் வந்துகொண்டேயிருக்கும். அந்தச் செவிக்கு முதலில் எட்டும் குரல் நம் குரலாக இருக்கட்டும்; மெய்யான குரல், மனிதக் குரல்!